பார்த்திருத்தலும் பொறுத்திருத்தலும்: பிள்ளைலோகாசார்யரின் நீதிவிசாரம்

பிள்ளைலோகாசார்யர் அருளிச்செய்த 18 ரஹஸ்யங்களுள் தலையாயதான ஸ்ரீவசனபூஷணத்தை நாம் பெரும்பாலும் உபாயவிசாரமாகவே காலக்ஷேபம் செய்து வருகிறோம். புருஷகாரம் இன்னது, உபாயம் இன்னது, ஆசார்யாபிமானம் இன்னது என்று அதன் 463 ஸூத்ரங்களையும் பகுத்துக்கொண்டு, ஒவ்வொன்றிலும் ஸம்ப்ரதாய பேதங்களை எடுத்துப் பேசி முடிப்பதற்கே நம் ஆயுள் சரியாகிவிடுகிறது. இது தவறென்று சொல்ல வரவில்லை. அடியேனும் என் திருத்தகப்பனார் திருவடிகளில் அப்படியே கேட்டேன். பிறருக்கும் அப்படியே சொல்லிவந்தேன். ஆனால் அந்நூலில் மற்றொரு நீரோட்டமும் உண்டு. மனிதன் மனிதனுக்கு என்ன செய்யலாம், என்ன செய்யலாகாது, பிறன் செய்த தீமைக்கு எதிரே எப்படி நிற்கவேண்டும் என்னும் விசாரம் அது. இக்காலத்துக் கல்லூரிகளில் நீதிக்கோட்பாடு என்றும் நடைமுறை நீதி என்றும் இரண்டு பாடங்களாகப் பிரித்து நடத்துகிறார்கள். உலகாரியன் அவற்றைப் பிரிக்கவில்லை. தத்துவம் சொன்ன மூச்சிலேயே நடத்தையையும் சொல்லிவிடுகிறார். அதனாலேயே நாம் அதைக் கவனியாமல் கடந்துபோகிறோம்.

நீதிநூல் என்று தனியே ஒன்றை அவர் செய்யவில்லை. தேசிகனுக்கு ஸுபாஷிதநீவி உண்டு. இவருக்கு அப்படி ஒன்றும் இல்லை. ஆகவே இவருடைய நீதியை ஸூத்ரங்களுக்கு நடுவிலிருந்து திரட்டிக்கொள்ளவேண்டியிருக்கிறது. திரட்டுகையில் இரண்டு இடங்கள் முக்கியமாகின்றன. ஒன்று, நூலின் தொடக்கத்தில் அர்ஜுனனுடைய தோஷத்தை நிரூபிக்கும் இடம். மற்றொன்று, ப்ரபந்நனுடைய நடத்தையைச் சொல்லும் பகுதியில், தனக்குத் தீமை செய்தவர்களிடம் அவன் எவ்வாறு இருக்கவேண்டும் என்னும் இடம். இவ்விரண்டையும் சேர்த்து வாசித்தாலன்றி இரண்டில் எதுவும் சரியாகப் பொருள்படாது என்பதே இக்கட்டுரையில் அடியேன் விண்ணப்பிக்க வந்தது.

முதலில் அர்ஜுனன். புருஷகாரமான பிராட்டியும் உபாயமான எம்பெருமானும் ஒருவனை அங்கீகரிக்கும்போது அவனுடைய தோஷத்தையும் குணமின்மையையும் பார்ப்பதில்லை என்று ஸ்தாபிக்கிறார். பிராட்டி விஷயத்தில் உதாஹரணம் கிடைப்பது எளிது. அசோகவனத்தில் பத்து மாதம் தன்னை வருத்திய ராக்ஷஸிகளைத் திருவடி தண்டிக்கப் புகுந்தபோது, தவறு செய்யாதவர் யார் என்று கேட்டு அவள் காத்தாள். எம்பெருமான் விஷயத்தில் உதாஹரணம் அர்ஜுனன். இங்கே ஆக்ஷேபம் எழுகிறது. அர்ஜுனன் இந்த்ரியங்களை வென்றவன்; ஆஸ்திகர்களில் முதல்வன்; கண்ணனுக்கு உயிர்நிலை போன்றவன். அவனிடம் என்ன தோஷம் கண்டு, அதை எம்பெருமான் பாராமல் விட்டான் என்று சொல்லுவது?

உலகாரியன் சொல்லும் விடை இரண்டு படியாக வருகிறது. போர்க்களத்தில் அவனுக்குத் தோன்றிய பந்துஸ்நேஹம், காருண்யம், கொலைக்கு அஞ்சியது ஆகியவை முதற்படி. அஸ்தானத்தில் வந்தபடியால் அவை தோஷமாயின. கீதையை ஓதிய எவரும் இதைச் சொல்லிவிடுவர். அடுத்த படிதான் ஒருவரும் எதிர்பாராதது. கண்ணனுடைய திருவுள்ளத்தை இட்டுப் பார்த்தால் ப்ரதானமான தோஷம் போர்க்களத்தில் நிகழ்ந்ததன்று. 13 ஆண்டுகளுக்கு முன்னே, சூதாடிய ஸபையில், திரௌபதிக்கு நேர்ந்த அவமானத்தைக் கண்டுகொண்டு அவன் சும்மா இருந்தானே, அதுவே ப்ரதானம் என்கிறார்.

இதைச் சற்று நின்று அனுபவிக்கவேண்டும். அர்ஜுனன் அவளுக்கு ஒரு தீங்கும் செய்யவில்லை. கூந்தலைப் பற்றியவன் வேறொருவன், பணயமாக வைத்தவன் தமையன், சிரித்தவர்கள் கர்ணாதிகள். அர்ஜுனன் செய்ததெல்லாம் கண்டிருந்தது. அதுவே, உறவினரைக் கொல்லமாட்டேன் என்று வில்லை எறிந்ததிலும் பெரிய குற்றமாக எண்ணப்படுகிறது. செய்த பாபத்தைக் காட்டிலும் செய்யாதிருந்த பாபம் கனமாகிற இடம் இது.

பாண்டவர் ஐவரும் அங்கே இருந்தார்களே, அர்ஜுனனை மட்டும் ஏன் பிரித்துச் சொல்லவேண்டும் என்று கேட்பார் உண்டு. ப்ரகரணம் சரமஶ்லோகத்தைக் கேட்டவனைப் பற்றியதாகையாலே என்பது நேரான விடை. ஸபாபர்வத்தைத் திறந்து பார்த்தால் வேறொரு விடையும் கிடைக்கிறது. பீமன் அங்கே சும்மா இருக்கவில்லை. ஸஹதேவனை நெருப்புக் கொண்டுவரச் சொல்லி, சூதாடிய தமையனுடைய கைகளைக் கொளுத்திவிடுகிறேன் என்று எழுந்தான். அவனை அமர்த்தியவன் அர்ஜுனனே. தமையன் சொல்லைக் கடத்தலாகாது, அழைத்தபோது ஆடுவது க்ஷத்ரியதர்மம், நாம் பிளவுபடுவதையே பகைவர் விரும்புகிறார்கள் என்று நியாயங்களை அடுக்கினான். ஒவ்வொன்றும் தனியே பார்த்தால் ஒப்புக்கொள்ளக்கூடிய நியாயமே. தான் கண்டிருந்ததோடு, எழுந்தவனையும் இருத்தி வைத்த நியாயங்கள் அவை.

அவள் ஸபையை நோக்கி ஒரு கேள்வி கேட்டாள். தன்னைத் தோற்றபின்பு என்னைத் தோற்றானா, என்னைத் தோற்றபின்பு தன்னைத் தோற்றானா என்பது கேள்வி. பீஷ்மர் தர்மம் ஸூக்ஷ்மமானது என்று சொல்லி நிறுத்திக்கொண்டார். விடை சொல்ல முன்வந்தவன் துர்யோதனனுடைய தம்பிகளில் ஒருவனான விகர்ணன்; அவனும் கர்ணனால் அதட்டப்பட்டான். விதுரரும் எடுத்துச் சொன்னார். தர்மம் அறிந்தவர்கள் நிறைந்த அந்த ஸபையில் ஶாஸ்த்ரம் குறைவாக இருந்தது என்று யாரும் சொல்லமுடியாது. ஶாஸ்த்ரம் வேண்டுமளவு இருந்தது. அதைப் பேசாதிருப்பதற்குக் காரணமாக எடுத்துக்கொண்டார்கள். தர்மம்போல் தோன்றி தர்மமல்லாததை நம் முதலிகள் தர்மாபாஸம் என்பர். அதற்கு இதைவிடத் தெளிவான இடம் இதிஹாஸங்களில் உண்டோ என்று அடியேனுக்குத் தெரியவில்லை.

இவ்வளவோடு உலகாரியன் விடவில்லை. அடுத்து அருளிச்செய்வது இன்னும் கடுமையானது. பாண்டவர்களும் துர்யோதனாதிகளைப்போலவே அழிக்கப்படவேண்டியவர்கள். அவர்களை எம்பெருமான் விட்டுவைத்தது திரௌபதியின் மங்களஸூத்ரத்தை நோக்கியே என்கிறார். அதற்கும் மேலே, தூது சென்றதும் தேர் ஓட்டியதும் ப்ரபத்தியை உபதேசித்ததும்கூட அவளுக்காகவே என்று முடிக்கிறார். கீதைக்கு அர்ஜுனனே அதிகாரி என்று நாம் நினைத்திருக்க, அவன் வாயிலாக, ஸபையில் கைவிடப்பட்டவளுக்குச் செய்த பரிஹாரமாக அது ஆகிவிடுகிறது. உத்யோகபர்வத்தில் கண்ணன் ஸஞ்சயனிடம் தன் மனத்தைத் திறந்து, தூரத்திலிருந்த தன்னை அவள் கூவியழைத்தது வட்டியேறிய கடன்போல் நெஞ்சை விட்டு அகலவில்லை என்று சொல்லும் கட்டத்தை நினைத்துக்கொண்டால், உலகாரியன் இதை வெறும் சாதுர்யமாகச் சொல்லவில்லை என்பது விளங்கும்.

இங்கே இக்காலத்தவர் ஒன்று கேட்பர். அவளுடைய தாலிக்காகக் கணவர்களை விட்டுவைத்தான் என்றால், அவளுக்கு மனைவி என்பதைத் தவிர வேறு நிலை இல்லையா என்பர். கேட்கத்தக்க கேள்வியே. ஆனால் ஸூத்ரத்தின் உயிர் அதில் இல்லை. குற்றவாளிக்குத் தண்டனை விதிக்கும்போது நாம் குற்றத்தின் அளவைப் பார்ப்போம். குற்றவாளியின் நற்குணத்தைப் பார்ப்போம். இங்கே இரண்டும் பார்க்கப்படவில்லை. அவமானப்பட்டவளுக்கு இத்தண்டனை மேலும் ஒரு துயரமாகுமோ என்பது மட்டும் பார்க்கப்படுகிறது. தண்டிப்பதும் விடுவதும் பாதிக்கப்பட்டவளை மையமாகக் கொள்கின்றன. பாண்டவர்களுக்குக் கிடைத்த மன்னிப்பில் அவர்களுடைய பெருமை ஒன்றும் கலக்கவில்லை.

என் பேரன் சென்னையில் தத்துவம் படிக்கிறான். விடுமுறையில் வந்தவன், பீட்டர் ஸிங்கர் என்னும் ஆஸ்திரேலிய தத்துவாசிரியர் 1972-இல் வெளியிட்ட கட்டுரை ஒன்றை எனக்குத் தமிழில் சொல்லிக்காட்டினான். 1971-இல் கிழக்கு வங்காளத்திலிருந்து அகதிகள் திரள்திரளாக இந்தியாவுக்குள் வந்த காலத்தில் எழுதியதாம். ஆழமில்லாத குளத்தில் ஒரு குழந்தை மூழ்குகிறது. கரையோடு போகிறவன் உடை சேறாகுமே என்று இறங்காமல் போனால் அவனை என்ன சொல்வோம்? அப்படியானால் தூரதேசத்தில் பட்டினியால் சாகும் குழந்தைக்கு உதவாதவனை மட்டும் ஏன் குற்றமற்றவன் என்கிறோம் என்று கேட்கிறார். கேள்வி கூர்மையானது, தானம் செய்வதைப் புண்ணியம் என்று கொண்டாடாமல் செய்யாமையைக் குற்றம் என்று திருப்பிக்காட்டுகிறது. இதில் உலகாரியனோடு அவருக்கு ஒற்றுமை உண்டு என்றேன். வேற்றுமையும் உண்டு. ஸிங்கர் கணக்குப் பார்க்கிறார்: நமக்குப் பெரிய நஷ்டம் இல்லாமல் தடுக்கக்கூடிய தீமையைத் தடுக்கவேண்டும் என்பது அவர் கொள்கை. உலகாரியன் நஷ்டக் கணக்கே எடுக்கவில்லை. அவர் பார்ப்பது, துன்பப்படுகிறவள் யாருடைய பொருள் என்பதை.

இது நம்மை அவருடைய நீதிக்கோட்பாட்டின் அடித்தளத்துக்குக் கொண்டுசேர்க்கிறது. ஆத்மா எம்பெருமானுக்கு ஶேஷம். தனக்கென்று உரிமை இல்லாதது. தன்னைத் தனக்குரியதாக நினைப்பதே முதல் திருட்டு, அதுவே ஆத்மாபஹாரம். மற்றப் பாபங்களெல்லாம் அதிலிருந்து கிளைக்கின்றன. ப்ரபந்நன் தீமையைத் தவிர்ப்பது நரகபயத்தாலன்று, ஸ்வர்க்கத்தை ஆசைப்பட்டும் அன்று. தன் ஸ்வரூபத்துக்கு ஒவ்வாதது, உடையவனுக்கு உகப்பாகாதது என்பதால். இதை எல்லாரும் சொல்வோம். இதிலிருந்து பிறர் விஷயத்தில் என்ன தேறுகிறது என்பதைத்தான் சொல்லாமல் விட்டுவிடுகிறோம். நான் எனக்கு உரியனல்லேன் என்றால், அவளும் அவளைப் பிடித்தவனுக்கு உரியவளல்லள், பணயம் வைத்தவனுக்கும் உரியவளல்லள். பிறன் பொருளுக்கு நேரும் அழிவைக் காவல்காரன் கண்டிருந்தால் அது பொறுமை ஆகாது.

இனி இரண்டாவது இடத்துக்கு வருவோம். தனக்குத் தீமை செய்தவர்களிடம் ப்ரபந்நனுக்கு ஐந்து நிலைகள் வேண்டும் என்று உலகாரியன் அருளிச்செய்கிறார். பொறுத்தல் முதலாவது. அவர்களிடம் இரங்குதல் அடுத்தது. மூன்றாவதாக ஒரு சிரிப்பு வேண்டும். பிறகு உள்ளூற மகிழவேண்டும். கடைசியில் அவர்கள் செய்தது உபகாரம் என்று நினைக்கவேண்டும். மணவாளமாமுனிகள் இவை ஒவ்வொன்றுக்கும் காரணம் காட்டுகிறார். எதிர்த்துச் செய்யாமல் இருப்பது பொறுமை. இவன் பொறுத்தாலும் எம்பெருமான் பொறுக்கமாட்டானே, இதற்கு இவர்கள் என்ன படப்போகிறார்களோ என்பது இரக்கம். தேஹத்தையும் புகழையும் பொருளையும் கெடுத்துவிட்டு, என்னைக் கெடுத்துவிட்டதாக நினைக்கிறார்களே என்பது சிரிப்பு. எனக்குச் சத்ருக்களாகிய இந்தத் தேஹமும் அபிமானமும் அடிபடுகின்றனவே என்பது மகிழ்ச்சி. என் குற்றங்களை நான் மறந்திருக்க, எடுத்து நினைப்பூட்டினார்களே என்பது நன்றி. இவ்வளவு நுட்பமாகத் தன்னுடைய காயத்தைத் தானே ஆராய்ந்து பார்க்கும் இடம் வேறு நூல்களில் அரிது. சிரிப்பைச் சேர்த்தது உலகாரியனுக்கே உரிய அழகு. சிரிப்பில்லாத பொறுமை சில நாளில் புளித்துவிடும் என்பது வீட்டில் பெரியவர்களோடு வாழ்ந்த எவருக்கும் தெரியும்.

ஆனால் ஐந்துக்கும் மாமுனிகள் காட்டும் காரணங்களை மறுபடி பாருங்கள். எல்லாம் ‘எனக்கு’ நேர்ந்ததைப் பற்றியவை. என் தேஹம், என் புகழ், என் குற்றம். கெட்டது என் அபிமானம். அது கெடுவது எனக்கு நன்மை. ஆகவே பொறுக்கிறேன், சிரிக்கிறேன். இந்தக் காரணங்களில் ஒன்றுகூடப் பிறனுக்கு நேர்ந்த தீமையில் செல்லாது. அடுத்தவன் அபிமானம் அடிபட்டதற்கு நான் சிரிக்க எனக்கு என்ன அதிகாரம்? அவன் பட்ட அடியை நான் எப்படி மன்னிப்பது? மன்னிக்கவேண்டியவன் அவன், அல்லது அவனை உடையவன். ஆக, தனக்கு வந்ததில் பொறுத்திருத்தல், பிறர்க்கு வந்ததில் பார்த்திராமை என்ற இரண்டும் ஒரே வேரிலிருந்து வருகின்றன. இரண்டிலும் அஹங்காரமே விலக்கப்படுகிறது. பிராட்டி தன்னை வருத்தியவர்களைப் பொறுத்தாள். அவளை ராவணன் எடுத்துப்போகையில் ஜடாயு மஹாராஜர் பொறுக்கவில்லை. 60,000 வயது ஆயிற்று என்று தாமே சொல்லிக்கொள்ளும் கிழவர்; தூக்கத்திலிருந்து எழுந்தவர்; எதிரில் நிற்பவன் இளையவன், ஆயுதம் உடையவன் என்று அறிந்தவர். முதலில் நியாயத்தை எடுத்துச் சொன்னார். பிறகு இறகும் நகமும் கொண்டு பொருதார். தோற்பது நிச்சயம் என்பதைப் பேசாதிருப்பதற்கு ஒரு நியாயமாக அவர் கொள்ளவில்லை. அவருக்குப் பெருமாள் தம் திருக்கையாலே ஸம்ஸ்காரம் செய்தார்.

நாம் செய்வது இதற்கு நேர்மாறு. நமக்கு ஒரு சிறு மரியாதை குறைந்தால், தீர்த்தம் ஸாதிப்பதில் முன்பின் ஆனால், ஸந்நிதியிலேயே சீறுகிறோம். பிறனுக்கு அநியாயம் நடந்தால் பொறுமையை உபதேசிக்கிறோம். இதைப் பிறர்மேல் குறையாகச் சொல்லவில்லை. அடியேன் செய்ததையே சொல்லுகிறேன்.

பிறந்த ஊர்க் கைங்கர்யம் தமையனார் குடும்பத்தில் நிற்க, அடியேன் இளைய குமாரனோடு சில வருஷங்களாக அடுக்கத்தில் வஸிக்கிறேன். பெரியகுளத்திலிருந்து கும்பக்கரை வழியாகக் கொடைக்கானலுக்கு ஏறும் மலைப்பாதையில் இருப்பது இவ்வூர். காப்பித் தோட்டங்கள் நிறைந்தது. குமாரன் ஒரு தோட்டத்தில் கணக்கு எழுதுகிறான். காப்பிப் பழம் பறிக்கும் காலத்தில் ஒரு மாலை எடை போடும் இடத்தில் உட்கார்ந்திருந்தேன். ஈரம் என்றும் சாக்கு என்றும் சொல்லி, ஒவ்வொரு பெண்ணின் மூட்டையிலும் எடையைக் குறைத்தே எழுதச் சொன்னார்கள். முள் நின்ற இடம் எனக்குத் தெரிந்தது. ஒரு வயதான அம்மாள் தட்டிக்கேட்டாள், வார்த்தை தடித்தது. பெரியவர் சொன்னால் கேட்பாள் என்று என்னைப் பார்த்தார்கள். நானும், “பொறுத்துக்கொள் அம்மா, பொறுமைக்கு மிஞ்சிய தர்மம் இல்லை” என்றேன். காலையில் ஸேவித்திருந்த ஸூத்ரம் நாக்கில் இருந்தது.

அவள் கோபிக்கவில்லை. “சாமி, என்னுது போனாப் போகட்டும், நான் பொறுத்துக்கிருவேன். இந்தா நிக்கிறாளே பிள்ளைத்தாய்ச்சி, இவளுக்குக் கொறைச்சதையும் நான்தான் பொறுக்கணுமா?” என்றாள்.

நான் பதில் சொல்லவில்லை. குமாரனுடைய உத்தியோகத்தை நினைத்துக்கொண்டேன். தோட்டத்துக்காரர் நம் ஸந்நிதி உத்ஸவத்துக்குக் கொடுத்ததை நினைத்துக்கொண்டேன். பிறர் வ்யவஹாரத்தில் தலையிடுவது வைதிகனுக்கு அழகன்று என்றும் நினைத்துக்கொண்டேன். அர்ஜுனன் பீமனுக்குச் சொன்ன நியாயங்களைக் காட்டிலும் இவை மட்டமானவை. அடுத்த வாரம் தோட்டத்துக்காரரிடம் பேசினேன். எடை அதன்பின் சரியாக எழுதப்பட்டது. அந்தக் கர்ப்பிணிப் பெண் அதற்குள் மலையிறங்கிப் போய்விட்டாள். அவளுக்குக் குறைந்தது குறைந்ததுதான். ஐம்பது வருஷம் நான் காலக்ஷேபம் செய்துவந்த இரண்டு ஸூத்ரங்களின் எல்லையை எழுதப் படிக்கத் தெரியாத அந்த அம்மாள் ஒரு வாக்கியத்தில் பிரித்துக்காட்டினாள்.

நூலைச் செய்தவர் தம் வாழ்வில் இதை எப்படி நடத்தினார் என்று பார்ப்பது சரித்திரகாரனுடைய கடமை. வடக்குத் திருவீதிப்பிள்ளையின் திருக்குமாரராய், ஐப்பசித் திருவோணத்தில் அவதரித்து, திருவரங்கத்திலேயே வாழ்ந்தவர் உலகாரியன். 1311-இல் மாலிக்காபூர் படையெடுப்பு. 1323-இல் உலூக்கானுடைய படை. இரண்டாவது படையெடுப்பே திருவரங்கத்தை நிலைகுலைத்தது. அதில் உயிர் துறந்த வைஷ்ணவர்களை மரபு 12,000 பேர் என்று சொல்லும். அந்த வேளையில் முதியவரான உலகாரியன் மூலஸ்தானத்தில் பெரியபெருமாளுக்கு முன்னே கல்லால் திரை எடுப்பித்து மறைத்துவிட்டு, நம்பெருமாளையும் நாச்சிமாரையும் எழுந்தருளப்பண்ணிக்கொண்டு, சில அந்தரங்கர்களோடு தெற்கே புறப்பட்டார். மற்றொரு பக்கத்தில் தேசிகன் ஶ்ருதப்ரகாசிகை ஏட்டையும் ஸுதர்சனஸூரியின் இளம் குமாரர்களையும் காத்து மேற்கே கொண்டுசென்றார். ஸம்ப்ரதாய விஷயத்தில் வேறுபட்டுப் பேசப்படும் இருவரும் அன்று செய்தது ஒன்றே: தம்மைக் காத்துக்கொள்ள இயலாததைத் தாம் காத்தார்கள். பாகவதாபசாரத்தின் கொடுமையை ரஹஸ்யத்ரயஸாரத்தின் அபராதபரிஹாராதிகாரமும் இதே கடுமையோடு பேசுகிறது என்பதை இரு திறத்தாரும் நினைவில் கொள்வது நலம்.

வழியில் காட்டுக்குள் கள்வர் மறித்தார்கள் என்றும், திருவாபரணங்களைப் பறித்தார்கள் என்றும், உலகாரியன் தம்மிடம் இருந்ததையும் எடுத்துக் கொடுத்துவிட்டார் என்றும் குருபரம்பரைச் செய்தி. தம் பொருள் போனதில் பொறுத்தார் என்பது ஐந்து நிலைக்கும் பொருந்தும். ஆனால் போனவை பெருமாளுடைய ஆபரணங்களும் அல்லவா, அதைக் கண்டிருக்கலாமா என்று அடியேன் பல நாள் தடுமாறினேன். அர்ச்சையில் எம்பெருமான் தன்னை அடியார்க்கு வசமாக்கிக்கொண்டு, உண்ணவும் உடுக்கவும் அவர்களை எதிர்பார்த்து நிற்கிறான். அந்தத் திருமேனியே அங்கே காக்கப்படவேண்டியது. ஆபரணத்துக்காகப் போராடித் திருமேனியை இழப்பது காவலாகாது என்று கொண்டார் போலும். இது அடியேனுடைய ஸமாதானம். வேறு விதமாகச் சொல்லுவார் இருந்தால் கேட்கக் காத்திருக்கிறேன்.

மதுரைக்குக் கிழக்கே யானைமலைச் சாரலில், இன்று கொடிக்குளம் எனப்படும் ஜ்யோதிஷ்குடியில் அவர் நோய்வாய்ப்பட்டுத் திருநாட்டுக்கு எழுந்தருளினார். அங்கே வேதநாராயணப் பெருமாள் ஸந்நிதி இருக்கிறது. நம்பெருமாள் திருமாலிருஞ்சோலை, மலையாளதேசம், திருநாராயணபுரம், திருமலை என்று 48 ஆண்டுகள் எழுந்தருளியிருந்து, 1371-இல் கோபணார்யனுடைய முயற்சியால் கோயிலுக்கு மீண்டார். அந்தத் திரும்புதலை உலகாரியன் காணவில்லை.

அந்திம தசையில் அவர் கவலைப்பட்டது தம் நூல் யார் கையில் நிற்கும் என்பதைப் பற்றி. பாண்டிய ராஜ்யத்தில் அதிகாரத்திலிருந்த திருமலையாழ்வார் திருத்தப்படவேண்டும் என்று நியமித்தார். கூரகுலோத்தமதாஸர் முதலானோர் அந்தப் பணியை ஏற்றார்கள். ஸ்ரீவசனபூஷணத்தின் ஆழ்பொருளைத் திருமலையாழ்வார் கேட்டது யாரிடம் என்பதில்தான் உலகாரியனுடைய நடைமுறை நீதி முழுதாகத் தெரிகிறது. திருவனந்தபுரத்தில் இருந்த விளாஞ்சோலைப்பிள்ளையிடம் கேட்டார். அவர் ஈழவ குலத்தில் பிறந்தவர். கோயிலுக்குள் புக இயலாமல் விளாமரத்தில் ஏறி அனந்தபத்மநாபன் கோபுரத்தை ஸேவித்தவர் என்பர். ஸப்தகாதை என்னும் ஏழு பாட்டில் ஸ்ரீவசனபூஷணத்தின் ஸாரத்தைத் திரட்டியவர் அவரே.

பாகவதனுடைய பிறப்பை ஆராய்வது பெற்ற தாயைச் சோதிப்பதற்கு ஒக்கும் என்பது ஸ்ரீவசனபூஷணத்தின் கொள்கை. அர்ச்சையில் உலோகத்தை ஆராய்வதிலும் அது கொடியது என்கிறது. இக்கொள்கையை மேடையில் பேசுவது எளிது. ராஜ்யத்தில் பல்லக்கு ஏறிய அந்தணர் ஒருவர், மரத்தடியில் இருப்பவரைத் தேடி நடந்துபோய், அவர் திருவடியில் உட்கார்ந்து அந்நூலையே கேட்டது இதை அனுஷ்டானமாக்கியது. இவ்விருவரும் இல்லையேல் ஸ்ரீவசனபூஷணம் நம்மிடம் இன்றுள்ளபடி வந்திராது. திருமலையாழ்வாரே திருவாய்மொழிப்பிள்ளையானார்; அவரிடம் கேட்ட மணவாளமாமுனிகள் (1370–1443) வ்யாக்யானம் செய்தருளினார். அர்ஜுனனுடைய தோஷத்தை நாம் கற்பதும், ஐந்து நிலைகளுக்குக் காரணம் அறிவதும் அந்த வ்யாக்யானத்தைக் கொண்டே.

திருவனந்தபுரத்தில் ஒரு நாள் நம்பூதிரிகள் திருவாராதனம் செய்துகொண்டிருக்கையில், விளாஞ்சோலைப்பிள்ளை த்வாரங்களைக் கடந்து உள்ளே நடந்துவந்து பெருமாள் திருவடிக்கு அருகே நிற்கக் கண்டார்கள். அவர்கள் பதறிக் கதவடைத்து வெளியே வந்தபோது, அவருடைய ஶிஷ்யர்கள், தம் ஆசார்யன் ஆசார்யன் திருவடி சேர்ந்தார் என்று சொல்லி, சரமதிருமேனிக்குப் பரிவட்டமும் மாலையும் கேட்டு அதே வேளையில் கோயில் வாசலுக்கு வந்து நின்றார்கள் என்று பெரியோர் சொல்வர்.